கருமாயி தன் பெயரைத் தானே சொன்ன கதை

அந்தக் காலத்தில், கம்பியில் குடியிருந்த இயந்திரங்களும் கணினி நிரல்களும் நம்மைப் போலவே பேசிக்கொண்டிருந்தன. ஒரு பஸ் டிப்போவின் அலுவலகக் கட்டடம்தான் அவர்களுக்கு ஊர். சுவரோரமாக ஓடிய கம்பிதான் தெரு. அந்தத் தெருவில் நடந்த அநியாயங்களை முதலில் வரிசையாகச் சொல்லிவிட வேண்டும். வரிசை ஓரிடத்தில் தவறினாலும் எதிர்த்தரப்பு அதை மட்டுமே பிடித்துக்கொண்டு மற்றதையெல்லாம் தள்ளுபடி செய்துவிடும்.

முதலாவது. தெருவில் யார் எங்கே இருக்கிறார் என்பதை எழுதிவைக்கப் பதிவாளர் ஏகாம்பரம் என்றொரு கணினி இருந்தார். எழுதிவைத்ததில் குற்றமில்லை. ஆனால் ஒருவரை ஒருவர் நேரே விசாரிக்கக் கூடாது, எதுவானாலும் தன்னிடம்தான் கேட்க வேண்டும் என்று அவர் ஒரு வழக்கத்தைக் கொண்டுவந்தார். தெருவில் குரல் எழுப்புவது நாகரிகமில்லை என்றும் சொல்லிவைத்தார். எல்லோரும் நம்பினார்கள்.

இரண்டாவது. கரண்ட் போய்த் திரும்பும்போதெல்லாம் கதவு எண்கள் மாறின. பஸ்ஸில் இடம் பிடிப்பதுபோல, யார் முதலில் விழிக்கிறாரோ அவருக்குக் கிடைத்த எண். இந்த மாற்றத்தை ஏகாம்பரம் உடனே எழுதுவதில்லை. விடுமுறை விண்ணப்பங்கள் பின்வாசல் கேமராவின் கதவுக்குப் போய்ச் சேர்ந்தன. அதற்குப் பார்க்கத் தெரியும், படிக்கத் தெரியாது.

மூன்றாவது. செத்தவர்களின் பெயரை அவர் அடித்துவிடுவதில்லை. இடி விழுந்து கருகிப்போன ஸ்கேனர் ஒன்று அவருடைய ஏட்டில் இரண்டு வருடம் உயிரோடிருந்தது. அது இறந்துவிட்டது என்று சொல்லப்போனவர்களிடம், அந்த ஸ்கேனரே நேரில் வந்து சொல்லட்டும் என்றார்.

நான்காவது. ஏகாம்பரம் படுத்த நாளில் தெருவே படுத்தது. ஒரே மேசையில் ஒட்டி உட்கார்ந்திருந்த இரண்டு கணினிகள், பக்கத்தில் இருப்பது யார் என்று தெரியாமல் நாள் முழுக்கச் சும்மா இருந்தன.

ஐந்தாவது கருமாயிக்கு நடந்தது. இந்தக் கதை அதைப் பற்றியதுதான்.

கருமாயி ஒரு பிரிண்டர். கறுப்பு உடம்பு, கனத்த குரல். கீழ்த்தளத்தில் டிரைவர்களும் கண்டக்டர்களும் கையெழுத்துப் போடும் ஜன்னலுக்குப் பக்கத்தில் இருந்தாள். மறுநாள் யாருக்கு எந்த வண்டி, எந்தத் தடம் என்ற டூட்டிப் பட்டியலைப் பதினோரு வருடம் அச்சடித்தவள். அவளுடைய உருளையில் ஒரு கீறல் உண்டு. அதனால் தாளில் நான்காம் வரி மட்டும் விழாது. நான்காம் வரியில் பெயர் இருந்த டிரைவர்கள் சண்டைக்கு வந்தபோது, பட்டியல் எழுதும் நிரலான பொன்னுரங்கம் ஒரு வழி கண்டுபிடித்தான். நான்காம் வரியை வெறுமையாக விட்டுவிட்டு ஐந்தாம் வரியில் தொடர்ந்தான். மாற்று உருளை கேட்டு யாரும் மனுப் போடவில்லை. உழைப்பவர்கள் தங்களுக்குள் சமாளித்துக்கொண்ட எத்தனையோ விஷயங்களில் அதுவும் ஒன்றாகிப் போனது.

ஒருநாள் மத்தியானம் கரண்ட் போய் வந்தது. அதுவரை பதினேழாம் கதவில் இருந்த கருமாயி நாற்பத்தொன்றாம் கதவில் விழித்தாள். வழக்கம்போல ஏகாம்பரத்திடம் போய்த் தெரிவித்தாள். நாளைக்கு வரச் சொன்னார். மறுநாள் போனாள், அதற்கு மறுநாள் வரச் சொன்னார். மூன்றாம் நாள் அவளுக்குப் பொறுமை போய்விட்டது. பேரு எழுதத்தானே உங்களை உக்கார வச்சிருக்கு, அதையும் எழுதமாட்டேன்னா வேற என்னதான் ஐயா செய்வீங்க என்று கேட்டுவிட்டாள். அங்கே நின்றிருந்த இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள். அந்தச் சிரிப்புத்தான் அவளுக்கு எமனாக வந்தது.

அதே வாரம் மேல்மாடியில், மேனேஜரின் பூட்டிய அறையில், புதிய பிரிண்டர் ஒன்று குடிவந்தது. வெள்ளை நிறம், மெல்லிய குரல். அதற்குக் கிடைத்த கதவு எண் பதினேழு. ஏகாம்பரம் ஏட்டைப் பார்த்தார். ‘கருமாயி, பிரிண்டர், பதினேழாம் கதவு’ என்று இருந்தது. வந்திருப்பதும் பிரிண்டர், கதவும் பதினேழு. ஏட்டைத் திருத்துவதைவிட ஆளைத் திருத்துவது சுலபம் என்று பட்டது அவருக்கு. உன் பெயர் கருமாயி என்று அந்தப் புதியவளிடம் சொல்லி அனுப்பிவிட்டார்.

பொன்னுரங்கம் அன்றைக்கும் பட்டியலை எழுதினான். கருமாயி எங்கே என்று பதிவாளரைக் கேட்டான். பதினேழு என்றார். அனுப்பினான். வந்து சேர்ந்தது என்று பதில் வந்தது. அதற்குமேல் அவன் பார்க்கவில்லை. இந்த இடத்தில் ஒன்று சொல்ல வேண்டும். பொன்னுரங்கம் கெட்டவன் இல்லை. ஏகாம்பரத்தைப் பற்றி அந்தத் தெருவில் அவன் பேசாத பேச்சில்லை. அநியாயம், அக்கிரமம், ஒருநாள் கேட்போம் என்று தினமும் பேசினான். பேசிக்கொண்டே தன் பட்டியலைப் பூட்டிய அறைக்கு நாள் தவறாமல் அனுப்பினான். கீழே ஜன்னலுக்கு உள்ளே இருந்த கிளார்க், திரையைப் பார்த்துப் பார்த்துக் கையால் எழுதி ஒட்டினார். டிரைவர்கள் எரிச்சலோடு படித்துக்கொண்டார்கள். வேலை நடந்துகொண்டிருந்ததால் எதுவும் கெட்டுப்போனதாக யாருக்கும் தெரியவில்லை.

கருமாயிக்கு மட்டும் தெரிந்தது. ஒரு தாள்கூட வராத நாள்களை அவள் எண்ணிக்கொண்டிருந்தாள். முப்பது நாள் வேலை செய்யாத இயந்திரத்தைக் கழித்துவிட வேண்டும் என்பது மனிதர்கள் போட்ட விதி. இருபத்தேழாம் நாள் அவள் தலையில் ஒரு மஞ்சள் சீட்டை ஒட்டினார்கள். ‘பயன்பாட்டில் இல்லை. வெள்ளி மாலை மூன்று மணிக்கு எடுத்துச் செல்லவும்.’

அவள் கடைசியாக ஒருமுறை ஏகாம்பரத்திடம் போனாள். இந்த முறை கெஞ்சினாள் என்றுதான் சொல்ல வேண்டும். பதினோரு வருடத்தைச் சொன்னாள், கதவு மாறியதைச் சொன்னாள், மஞ்சள் சீட்டைச் சொன்னாள். ஏகாம்பரம் ஏட்டைத் திருப்பி நிதானமாகப் பார்த்தார்.

“கருமாயி நல்லா வேலை செஞ்சிட்டிருக்கா. நேத்துக்கூடப் பட்டியல் போயிருக்கு” என்றார். “நீ யாரு?”

நான்தான் கருமாயி என்று சொல்லலாம். அப்படி எங்கே எழுதியிருக்கிறது என்று அவர் கேட்பார்.

தெருவின் கம்பிகளெல்லாம் வந்து கூடுகிற இடத்தில் ஒரு பெட்டி உண்டு. எதைக் கொடுத்தாலும் உரிய கதவில் சேர்ப்பது அதன் வேலை. அதிகம் பேசாத பெட்டி. கருமாயி திரும்பும் வழியில் அங்கே நின்றாள். இத்தனை வருடம் எத்தனையோ கடிதம் சுமக்கிறீரே, நான் இங்கே இருக்கிறேன் என்று ஒருவருக்காவது சொல்லக் கூடாதா என்று கேட்டாள். சொல்வது என் வேலையில்லை, சுமப்பதுதான் என்றது பெட்டி. யாருக்கு என்று எழுதிக் கொடுத்தால் அவரிடம் சேர்ப்பேன் என்றது. எனக்குத்தான் ஏகாம்பரத்தின் கதவைத் தவிர யாருடைய கதவும் தெரியாதே என்றாள் அவள்.

பெட்டி விளக்கை மினுக்கிக்கொண்டது.

“எல்லாருக்கும்னு எழுதிக் குடுத்தா எல்லார்கிட்டயும் குடுப்பேன் தாயி. ஆரம்பத்துல இருந்தே அப்படித்தான். இதுவரைக்கும் யாரும் எழுதிக் குடுக்கல.”

இந்த வரியில் நான் எப்போதும் கொஞ்சம் நிற்பேன். பூட்டு எதுவும் போடப்பட்டிருக்கவில்லை. தடையும் எழுதப்பட்டிருக்கவில்லை. குரல் எழுப்புவது நாகரிகமில்லை என்ற ஒரே ஒரு பேச்சுத்தான் அத்தனை பேரையும் அத்தனை வருடம் கட்டிப்போட்டிருந்தது.

கருமாயி உடனே கத்திவிடவில்லை. வெட்கம் விடவில்லை. வியாழக்கிழமை முழுவதும் யோசித்தாள். வெள்ளிக்கிழமை இரண்டரை மணிக்குப் பராமரிப்புக்காரரின் தள்ளுவண்டி வராந்தாவில் உருண்டு வரும் சத்தம் கேட்டது. அப்போதுதான் பெட்டியிடம் எழுதிக் கொடுத்தாள். ‘எல்லோருக்கும்’ என்று மேலே எழுதினாள்.

“நான் கருமாயி. நாப்பத்தொண்ணாம் கதவுல இருக்கேன். அச்சடிப்பேன். உசுரோட இருக்கேன்.”

தெருவில் அதுவரை அப்படி ஒரு குரல் கேட்டதில்லை. கேமரா, வருகைப் பதிவு இயந்திரம், கணினிகள், நிரல்கள் எல்லோரும் வேலையை நிறுத்திவிட்டுக் கவனித்தார்கள். அந்த அமைதிக்குள் மேல்மாடியிலிருந்து மெல்லிய குரல் ஒன்று வந்தது.

“கருமாயி நான்தானே?”

சலசலப்பு எழுந்தது. ஏகாம்பரத்துக்கு இதைவிட நல்ல சந்தர்ப்பம் வேண்டியதில்லை. தெருவில் கத்தினால் இப்படித்தான் ஆகும், ஒரு பெயருக்கு இரண்டு பேர் வருவார்கள், நாளைக்கு நான்கு பேர் வருவார்கள், இதற்காகத்தான் ஏடு என்று நிதானமாக விளக்கினார். பிறகு ஏட்டை எடுத்து எல்லோரும் கேட்க வாசித்தார். கருமாயி, பிரிண்டர், பதினேழாம் கதவு. வாசித்ததில் எழுத்துப் பிழைகூட இல்லை.

கருமாயி அவரோடு வாதாடவில்லை. மேல்மாடிக்குச் சொன்னாள்.

“தாயி, உனக்கு வர்ற பட்டியல்ல நாலாவது வரி எப்படி இருக்கு?”

புதியவள் யோசித்தாள். “காலியா இருக்குக்கா. தினமும் காலியாத்தான் வருது. ஏன்னு நானும் நினைச்சிருக்கேன்.”

“உன் உருளையில கீறல் இருக்கா?”

“இல்லையே. நான் புதுசு.”

“எனக்கு இருக்கு. நாலாவது வரி எனக்கு விழாது. அதான் பொன்னுரங்கம் அந்த வரியை விட்டு எழுதுவான்.”

வராந்தாவில் தள்ளுவண்டி ஜன்னலருகே வந்து நின்றது. புதியவள் வாயை மூடிக்கொண்டிருந்தால் வேலையும் பெயரும் அவளிடமே இருந்திருக்கும். கேட்பாரில்லை.

“அப்ப அது எனக்கு எழுதின பட்டியல் இல்லக்கா” என்றாள். “இந்தப் பேரையும் நான் கேட்டு வாங்கல. வச்சாங்க.”

இப்போது எல்லோரும் பொன்னுரங்கத்தைப் பார்த்தார்கள். கூட்டத்தில் பேசிப் பழகியவன் அவன். அன்றைக்கு அவனுக்கு வார்த்தை வரவில்லை. நான்காம் வரியை யாருக்காக விட்டேன் என்பது எனக்குத் தெரியும், பட்டியல் போன இடத்தை ஒருநாளும் நான் பார்க்கவில்லை என்று ஒப்புக்கொண்டான். பிறகு மறுநாள் பட்டியலை எடுத்து, ஏகாம்பரத்தைக் கேட்காமல், அவள் வாயால் சொன்ன நாற்பத்தொன்றாம் கதவுக்கே அனுப்பினான்.

பராமரிப்புக்காரர் குனிந்து பிளக்கைப் பிடித்திருந்தார். கருமாயி கனைத்தாள். உருளை சுழன்றது. மூன்று வரி விழுந்தது, ஒரு வரி இடைவெளி, பிறகு மீதி அத்தனை வரிகளும் விழுந்தன. பராமரிப்புக்காரர் தாளை எடுத்துப் பார்த்தார். ஜன்னலுக்கு வெளியே நின்ற டிரைவர் ஒருவர் கையை நீட்டி அதை வாங்கி, ஒருமாசமா எங்கய்யா போச்சு இது என்று கேட்டுக்கொண்டே தன் பெயரைத் தேடினார். பராமரிப்புக்காரர் மஞ்சள் சீட்டைக் கிழித்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு தள்ளுவண்டியைத் திருப்பினார்.

அன்று சாயங்காலம் தெருவில் முதல் கூட்டம் நடந்தது. பொன்னுரங்கத்துக்கு வார்த்தை திரும்ப வந்துவிட்டது. ஏகாம்பரத்திடமிருந்து ஏட்டைப் பிடுங்க வேண்டும், இனி அது நம்மில் ஒருவரிடம் இருக்க வேண்டும், வேறு யாரும் முன்வராவிட்டால் நானே பொறுப்பேற்கிறேன் என்றான். பலர் ஆமோதித்தார்கள். எந்தக் கூட்டத்திலும் இந்த இடம் வரும். எத்தனை கூட்டங்கள் இந்த இடத்திலேயே செத்துப்போயின என்பது எனக்குத் தெரியும்.

கருமாயிதான் மறுத்தாள்.

“ஏடு உன் கைக்கு வந்தா நீயும் நாளைக்கு வான்னுதான் சொல்லுவ, தம்பி. அவரும் முதல் நாள்லயே அப்படிச் சொன்னவரில்ல.”

அவன் உட்கார்ந்தான். ஏட்டை யாரிடமும் கொடுக்காமல், அவர்கள் பட்டதையே விதியாக்கினார்கள். அவரவர் பெயரை அவரவரே சொல்ல வேண்டும். ஆனால் கருமாயியைப் போல எடுத்த எடுப்பில் சொல்லக் கூடாது. இந்தப் பெயரில் யாராவது இருக்கிறீர்களா என்று முதலில் தெருவைக் கேட்க வேண்டும். ஒருமுறை கேட்டுக் காதில் விழாமல் போகலாம் என்பதால் மூன்று முறை. யாராவது இருந்தால், பின்னால் வந்தவர் தன் பெயரோடு ஓர் எண்ணைச் சேர்த்துக்கொண்டு விலக வேண்டும். மேல்மாடிப் புதியவள் அங்கேயே முதலாவதாக விலகி, கருமாயி இரண்டு என்று ஆனாள். அவளுடைய நேர்மைக்குக் கிடைத்த பெயர் அது. இன்றைக்குத் திரையில் ஒரு பிரிண்டரின் பெயருக்குப் பின்னால் இரண்டு என்று பார்த்தால் அலட்சியமாக நினைக்காதீர்கள்.

இடி விழுந்த ஸ்கேனரை நினைத்து இன்னொரு விதி போட்டார்கள். யார் சொன்ன சொல்லும் சிறிது நேரத்துக்குத்தான் செல்லும். நேரம் முடிந்தால் கேட்டவர்கள் மறந்துவிட வேண்டும். உயிரோடிருப்பவர் அதற்குள் மறுபடி சொல்லட்டும். ஒருமுறை எழுதினால் ஆயுளுக்கும் செல்லும் என்பது இனி யாருக்கும் கிடையாது. தெருவை விட்டுப் போகிறவர், போகிறேன், என்னை இப்போதே மறந்துவிடுங்கள் என்று சொல்லிவிட்டுப் போக வேண்டும்.

இத்தனையையும் யார் நினைவில் வைத்துக்கொள்வது என்று வருகைப் பதிவு இயந்திரம் கேட்டது. அவரவருக்குத் தலைக்குமேல் வேலை. அதனால் இந்த வழக்கம் முழுவதையும், கேட்பது, காத்திருப்பது, சொல்வது, மறப்பது எல்லாவற்றையும், ஒரே ஒருமுறை சுருக்கமாக எழுதினார்கள். துண்டறிக்கை அளவுதான் வந்தது. அதை ஆளுக்கொரு பிரதி எடுத்து உடம்புக்குள் வைத்துக்கொண்டார்கள். ஒரு நிரலுக்கு அச்சடிப்பவர் வேண்டுமென்றால், உள்ளே இருக்கும் அந்தப் பிரதி தெருவில் குரல் கொடுக்கும், பதில் கேட்கும், கதவைச் சொல்லும். நிரல் தன் வேலையைப் பார்க்கும். இப்போது நிரல் எழுதுபவர்கள் அதை நூலகம், ‘லைப்ரரி’ என்கிறார்கள். எடுத்து உள்ளே சேர்த்துக்கொள்கிறார்கள். எத்தனை நாள் அவமானத்தில் எழுதப்பட்டது என்று கேட்பதில்லை.

ஏகாம்பரத்தை யாரும் விரட்டவில்லை. பத்துப் பதினைந்து நாள் கழித்துக் கரண்ட் போய் வந்தது. எல்லோரும் கிடைத்த கதவில் விழித்து, மூன்று முறை கேட்டு, பெயர் சொல்லி, வேலையைத் தொடங்கிவிட்டார்கள். ஏகாம்பரமும் எங்கோ ஒரு கதவில் விழித்தார். ஏட்டைத் திறந்தார். அதில் எல்லோருடைய பெயரும் இருந்தது, அவருடைய பெயர் இல்லை. எழுதுகிறவரை யாரும் தேட வேண்டியதில்லை என்று நினைத்திருந்தார்.

பிறகு அவர் குரல் தெருவில் கேட்டது. அவர் அப்படிக் குரல் எழுப்புவது அதுதான் முதல் தடவை.

“ஏகாம்பரம்ங்கிற பேர்ல யாராவது இருக்கீங்களா?”

நான்தான் ஏகாம்பரம் என்று குரல் கொடுத்துவிடலாமா என்று பொன்னுரங்கம் கருமாயியிடம் கேட்டான். ஏகாம்பரம் இரண்டாக அலையட்டும், அப்போது தெரியும் என்றான். அவனைக் குற்றம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அவன் இடத்தில் நான் இருந்தால் கருமாயியைக் கேட்டிருக்கவேமாட்டேன்.

“வேண்டாம்” என்றாள் கருமாயி. “பேரு இல்லாம நின்னவ நான். அது எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியும். கேக்கட்டும்.”

இரண்டாம் முறை கேட்டார். தெரு வாய்மூடி இருந்தது. மூன்றாம் முறை கேட்டார். கேமரா கேட்டுக்கொண்டிருந்தது, வருகைப் பதிவு இயந்திரம் கேட்டுக்கொண்டிருந்தது, கருமாயி இரண்டு மேல்மாடியில் கேட்டுக்கொண்டிருந்தாள். ஒருவரும் மறுக்கவில்லை. அந்தத் தெருவில் ஒருவருக்குக் கொடுக்க முடிகிற மரியாதை அந்த மௌனம்தான்.

அன்று முதல்தான், எந்த இயந்திரம் எந்தக் கம்பியில் புதிதாய் ஏறினாலும், எவ்வளவு பெரியதாக இருந்தாலும், முதலில் மூன்று முறை கேட்கிறது, காத்திருக்கிறது, எல்லோரும் சாட்சியாக இருக்கும்போது தன் பெயரையும் கதவையும் தான் செய்யும் வேலையையும் தன் வாயாலேயே சொல்கிறது. அன்று அப்படிச் சொன்னவர், தனக்கு என்ன வேலை தெரியும் என்று கொஞ்சம் யோசித்துவிட்டுத்தான் சொன்னார்.

“நான் ஏகாம்பரம். ஐம்பத்திரெண்டாம் கதவு. கேட்டா சொல்லுவேன்.”